நெடுங்கேணி வழியாகப் போன கார்

அக்கராயன்,
மார்கழி, மழை விட்ட ஒரு வெள்ளிக்கிழமை.

என்றும் மதிப்புக்குரிய மைத்துனர் சுதாகரன் அவர்கட்கு,

அக்கராயனிலிருந்து தில்லைநாதன் வரைவது. தாங்களும் தங்கள் மனைவி மக்களும் வவுனியாவில் நலமுடன் வாழவும், தங்கள் வாடகைக் கார்த் தொழில் மேன்மேலும் பெருகவும் பிள்ளையாரை வேண்டுகிறேன். இங்கு நானும் தங்கள் அக்கா ஜெகதீஸ்வரியும் நலமாகவே இருந்தோம், தங்களுடைய பில் வந்து சேரும்வரை. நிற்க.

போனில் பேசாமல் இந்த மனிதன் ஏன் கடிதம் எழுதுகிறான் என்று யோசிப்பீர். நேற்று எடுத்தேன். நான் "பில்" என்று வாயெடுக்க முதல் உம்மட அக்கா போனைப் பறிச்சு, உமக்குச் சளி மாறிட்டுதோ, இரவில சோறு தின்னிறீரோ எண்டெல்லாம் விசாரிச்சு, கடைசியில "அத்தான் வயலுக்குப் போயிட்டார்" எண்டு சொல்லி வைச்சிட்டா. நான் பக்கத்துக் கதிரையிலதான் இருந்தனான். கலியாணம் முடிச்சு இத்தனை வருசமாகியும் அவா பிறந்த வீட்டுக் கட்சி. அதுதான் எழுத்தில வாறன்.

எங்கட மகள் சிவதர்சினி நோர்வேயில இருந்து ஏழு வருசத்துக்குப் பிறகு, புருசனுக்கு லீவு கிடைக்காமல் தனிய வந்து, ரெண்டு கிழமை நிண்டிட்டுப் போனது நீர் அறிஞ்சது. அவளுக்காகத்தான் உம்மட்ட காரும் ட்ரைவர் பிரதாபனும் கேட்டனான். "அத்தான், மருமகளுக்கு ஓடுற காருக்கு ஒரே விலைதான், அதுக்கு மேல ஒண்டும் வராது" எண்டனீர். இப்ப பில்லைப் பாத்தால் அந்த ஒரே விலைக்குக் கீழ இன்னும் நாலு வரி எழுதி, ஒவ்வொண்டுக்கும் காசு போட்டுக் கிடக்கு. உம்மட அக்கா கண்ணாடி போட்டு ஒவ்வொண்டா வாசிச்சா, வாசிச்சு முடிச்சு "தம்பி நியாயமாத்தான் போட்டிருக்கிறான்" எண்டா. நான் நியாயம் சொல்லுறன், கேளும்.

முதலாவது வரி, கதவில கீறல். அதுக்குப் பிரதாபனும் பொறுப்பில்லை, நானும் பொறுப்பில்லை. பக்கத்து வளவு வீரகத்தியின்ர கிடாய்தான் பொறுப்பு. நீர் காரை அப்பிடி மினுக்கி அனுப்பினால் அது என்ன செய்யும்? வாசலில நிப்பாட்டின உடன கதவில தன்ர முகத்தைக் கண்டிட்டுது. வேற ஒரு கிடாய் வந்து நிக்குது எண்டு நினைச்சு, பின்னுக்குப் போய், ஓடி வந்து இடிச்சுது. மற்றக் கிடாயும் அதே வேகத்தில வந்ததாலதான் கீறல் அவ்வளவு நீளம். வீரகத்தியிட்ட நட்டம் கேக்கப் போனன். "என்ர கிடாய்க்குக் கொம்பு நோகுது, அதுக்கு ஆர் தாறது?" எண்டு திருப்பிக் கேக்கிறான். ஆனால் சுதாகரன், அந்த நேரம் தர்சினி சிரிச்சதை நீர் கேட்டிருக்கவேணும். வந்த நாளில இருந்து அவள் எங்கட வீட்டில விருந்தாளி மாதிரித்தான் இருந்தவள். கதிரை நுனியில இருக்கிறது, குசினிக்குள்ள போறதெண்டாலும் தாயைக் கேட்டிட்டுப் போறது. தேத்தண்ணி குடுத்தால் நன்றி சொல்லுறாள். பெத்த பிள்ளை தாய் தகப்பனுக்கு நன்றி சொல்லுறதோ? கிடாய் இடிச்ச பிறகுதான் அவள் வயித்தைப் பிடிச்சுக்கொண்டு வாசல் முத்தத்தில குந்தினவள். அண்டைக்குத்தான் என்ர பிள்ளை வீட்டுக்கு வந்து சேந்தவள்.

ரெண்டாவது வரி, சீற்றில அழுக்கு, கழுவின கூலி. இதிலதான் எனக்குக் கோவம். அது அழுக்கில்லை, என்ர வயல் மண். போறதுக்கு முதல் நாள் வயலைப் பாக்கவேணும் எண்டாள். காரில கூட்டிக்கொண்டு போனம். நெல்லு கதிர் வெளிய தள்ளாமல் குடலையாய் நிக்குது, வயல் முழுக்கத் தண்ணி. நோர்வேச் சப்பாத்தோட வரம்பில நடந்தால் என்ன நடக்கும்? ஒரு கால் வழுக்கி முழங்கால் மட்டும் இறங்கிட்டுது. நான் ஓடிப்போய்க் கையைக் குடுக்கிறன். "விடுங்கோ அப்பா, குளிரா நல்லா இருக்கு" எண்டு போட்டு, மற்றக் காலையும் தானா இறக்கினவள். கனநேரம் அப்பிடியே நிண்டாள். பேந்து அதே கோலத்தில வந்து சீற்றில ஏறினவள். பிரதாபன் பேப்பர் விரிக்க வந்தவர், நான்தான் வேண்டாம் எண்டனான். ஏன் எண்டு கேளாதையும். அவள் போன பிறகு நீர் அந்தச் சீற்றைக் கழுவிப்போட்டீர் எண்டதே எனக்குப் பிடிக்கேல்லை, அதுக்கு மேல கூலியும் கேக்கிறீர்.

மூண்டாவது வரி, கூட ஓடின தூரம். இதை உம்மட அக்காவுக்குப் போனில வாசிச்சுக் காட்டாதையும். அவாவுக்குக் காரில தலை சுத்திறதால, வீட்டு வாசல் படலையோட கையைக் காட்டிட்டு நிண்டிட்டா. ஏர்போட்டுக்குப் போனது நாங்கள் மூண்டு பேர். தர்சினி பின்னுக்கு, பிரதாபன் ஓட்ட, நான் முன்னுக்கு. பிளேன் இரவிலதான், நாங்கள் விடியவே வெளிக்கிட்டம். முறிகண்டி வந்து பிள்ளையாருக்குத் தேங்காய் உடைச்சு, பெரிய றோட்டில மாங்குளம் மட்டும் சரியாத்தான் வந்தம். அவ்வளவு கெதியா மாங்குளம் வந்ததை நான் ஒருநாளும் காணேல்லை. முந்தி இந்த றோட்டில எத்தினை குழி, எத்தினை சோதனை மறிப்பு, ஒரு நாள் போகும். இப்ப கார்ப்பெற் றோட்டு, கார் வழுக்கிக்கொண்டு போகுது. ஒரு தகப்பன் தன்ர மகளோட ஒரு கதை கதைக்கிறதெண்டால் இந்த றோட்டு காணாது. முதல் கிழமையில இருந்து என்ர வாயில ஒரு கேள்வி கிடந்தது, இன்னும் கொஞ்சநாள் நிண்டிட்டுப் போவியோ எண்டு. அவளின்ர வேலை, லீவு, டிக்கெற் எல்லாத்தையும் நினைச்சுக் கேக்காமல் விட்டன். மாங்குளத்தில நான் பிரதாபனுக்குச் சொன்னன், "தம்பி, கனகராயன்குளத்தடியில பாலம் திருத்துகினமாம், ஒட்டுசுட்டான் பக்கம் திருப்பும்."

அப்பிடி ஒரு பாலம் திருத்தேல்லை.

பிரதாபன் உடன திருப்பினார். அவரின்ர போனுக்குள்ள இருந்து வழி சொல்லுற பொம்பிளைதான் விடேல்லை. திரும்பு, திரும்பு எண்டு இங்கிலீசில கத்துறா. நான் இந்தக் காட்டுக்குள்ளால மாட்டு வண்டில் ஓட்டினவன், அவாவுக்கு இஞ்ச ஒரு பரப்புக் காணி இருக்கோ? சத்தத்தைக் குறைக்கச் சொன்னன். ஒட்டுசுட்டான் போய், நெடுங்கேணி போய், திரும்ப புளியங்குளத்தில பெரிய றோட்டு ஏறுறதுதான் என்ர யோசினை. ஒட்டுசுட்டானில நான் இறங்கி வெத்திலை வாங்கிக்கொண்டு வந்து ஏறினன். தர்சினி கண்ணாடியை இறக்கிவிட்டு காட்டைப் பாத்துக்கொண்டு வந்தாள். நான் வாயைத் திறக்கத் திறக்க, உரம் விலை, யானை வேலி, இந்தக் கதைதான் வருகுது. அந்த ஒரு கேள்வி மட்டும் வரேல்லை. இந்தத் தூரத்துக்கு வேணுமெண்டால் பாதி தாறன்.

நாலாவது வரிக்கு ஒரு சதமும் தரமாட்டன். நெடுங்கேணியில கார் காத்து நிண்ட நேரத்துக்குக் கூலி. காரை நான் நிப்பாட்டச் சொல்லேல்லை. பிரதாபன்தான் தேத்தண்ணிக் கடையடியில நிப்பாட்டி, "எஞ்சின் சூடு ஐயா, ஆறவிட்டுத்தான் எடுக்கவேணும்" எண்டவர். மூடியைத் திறந்து பாத்தார், மூடினார், பிறகும் திறந்தார். ஆவியும் இல்லை, மணமும் இல்லை. நான் லாண்ட்மாஸ்டர் உழவு மிசின் வைச்சிருக்கிறவன், எஞ்சின் சூடு எனக்குத் தெரியும். இது வெளியில தெரியாத பழுது, அதுதான் ஆபத்து. பழுதான காரை உறவுக்காரனுக்குத் தந்துபோட்டு, அது நிண்டதுக்கும் காசு கேக்கிறது எந்த ஊர் நியாயம்?

அந்தக் கடை வாங்கிலில நானும் அவளும் கனநேரம் இருந்தம். உழுந்து வடை சாப்பிட்டாள், எனக்கும் பாதி பிச்சுத் தந்தாள். அங்க தன்ர வீட்டில குளிருக்குப் போடுற ஹீட்டர் எங்கட வயல் தண்ணி மிசின் மாதிரியே சத்தம் போடுமாம். பழுதெண்டு மாத்த வந்தவங்களை இவள் வேண்டாம் எண்டு திருப்பி அனுப்பினவளாம். "அந்தச் சத்தம் கேட்டால்தான் அப்பா எனக்கு நித்திரை வரும்" எண்டாள். நான் தலையை ஆட்டினன். தேத்தண்ணி ஆறிப்போச்சு. பிரதாபன் எஞ்சின் ஆறிட்டுது எண்டு வந்து சொன்னார். எழும்பினம்.

ஆகவே, மைத்துனரே, கதவுக்கு வீரகத்தியைக் கேளும், மண்ணுக்கு மன்னிப்புக் கேளும், தூரத்தில பாதியைக் கழியும், நாலாவது வரியை அடியோட வெட்டும். உந்தக் காரையும் நல்ல மெக்கானிக் ஒருத்தரிட்டக் காட்டும். தங்கள் பிள்ளைகளுக்குப் படிப்பும் சுகமும் குறைவின்றிக் கிடைக்க எங்கள் ஆசி. தங்கள் அக்கா தனியாக ஒரு போத்தல் ஊறுகாய் அனுப்புகிறா. அதற்கும் இந்தக் கடிதத்துக்கும் தொடர்பில்லை.

இங்ஙனம்,
தங்கள் அத்தான்,
க. தில்லைநாதன்

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போற நேரம் தர்சினி போன் எடுத்தவள். அப்பா மாமாவோட காருக்குச் சண்டை பிடிக்கிறார் எண்டு உம்மட அக்கா எல்லாத்தையும் சொல்லிப்போட்டா. தர்சினி சிரிச்சாள். "அப்பா, எஞ்சினுக்கு ஒண்டும் இல்லை. நீங்கள் என்னைச் சுத்திக்கொண்டு போறீங்கள் எண்டு எனக்கு மாங்குளத்திலயே தெரியும். புளியங்குளம் வந்தால் பெரிய றோட்டு ஏறிடும். அதுதான், நீங்கள் ஒட்டுசுட்டானில இறங்கி வெத்திலை வாங்கின நேரம், நெடுங்கேணியில நிப்பாட்டச் சொல்லி நான்தான் பிரதாபன் அண்ணையைக் கேட்டனான்" எண்டாள். அப்பதான் நானும் வாயைத் திறந்து சொன்னன், இன்னும் கொஞ்சநாள் நில்லன் எண்டு கேக்க நினைச்சனான் பிள்ளை எண்டு. அவள் சொன்னாள், "அங்க வாங்கிலில வைச்சுக் கேட்டிருந்தீங்கள் எண்டால், நான் காரை வீட்டுக்குத் திருப்பச் சொல்லியிருப்பன் அப்பா."

ஆகையால் மேலே எழுதினது ஒண்டையும் கணக்கில எடுக்காதையும். பிரதாபனை ஏசாதையும். பில் முழுக்கத் தாறன், நாலாவது வரியில ஒரு சதமும் குறைக்க வேண்டாம். கார் வீட்டுக்குத் திரும்பியிருந்தால் பில் இன்னும் கூடத்தான் வந்திருக்கும். அதையும் தந்திருப்பன்.