எழுபத்திரண்டு வயதில் பிரெஞ்சு

கிழக்கேகோட்டை,
திருவனந்தபுரம்.

லியோன் நகரில் வசிக்கும் சிரஞ்சீவி மஹேஷுக்கு, அப்பா ராமசுப்ரமணியன் அநேக ஆசீர்வாதங்களுடன் எழுதுவது. நானும் அம்மாவும் சௌக்கியம். உன் ஆத்துக்காரியும் குழந்தை லிபியும் சௌக்கியமாக இருக்கப் பத்மநாபன் அருளட்டும். போனில் சொன்னால் குறுக்கே பேசுவாய், அதனால் கடிதம்.

போன வருஷம் நீ, "லிபிக்குப் பிரெஞ்சுதான் வரும்ப்பா, அங்கே பேச ஆளில்லே, போரடிச்சுடும்" என்று சொல்லி வராமல் இருந்துவிட்டாய். ஏன், நான் ஆளில்லையா என்று வீம்பாகப் போய்ப் பிரெஞ்சு வகுப்பில் சேர்ந்தேன். கனடா போகக் காத்திருக்கும் நர்ஸ் பெண்கள் பதினெட்டுப் பேர், நடுவில் வேஷ்டியோடு நான். டீச்சர் ஸ்மிதா உன்னைவிடப் பத்து வயது சின்னவள். "மூக்கு வழி பறயணும் அங்கிளே" என்பாள், மூக்கால் பேசணுமாம். எனக்கு ஆயுசு முழுக்க ஜலதோஷம், அப்படியும் அந்தச் சத்தம் வரவில்லை. எழுதியிருப்பதில் பாதி எழுத்தை வாசிக்கவே கூடாதாம். பின்னே எதுக்கு எழுதணும்? மேஜை பெண்ணாம், அதன் மேலே இருக்கிற புஸ்தகம் ஆணாம். என் வயசைக் கேட்டால் அறுபது-பன்னிரண்டு என்று சொல்லணுமாம். வாய்மொழிப் பரீட்சையில் குடும்பத்தைப் பற்றிக் கேட்டாள். ஒரே பிள்ளை, பிரான்சில் இருக்கிறான் என்றேன். எப்போது வருவான் என்றாள். "எதிர்காலம் இன்னும் நீ நடத்தலையே அம்மா" என்று சொல்லித் தப்பித்தேன்.

ஏழு மாசம் இப்படி. போன ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் லிபியிடம் மூன்று வாக்கியம் சொன்னேன்: என் பெயர் இது, நான் உன் தாத்தா, உன்னைப் பார்க்க ஆசை. அவள் உன் பக்கம் திரும்பி ஏதோ கேட்டாள். நீ விழுந்து விழுந்து சிரித்தாய். "அப்பா, நீங்க பேசறது தமிழான்னு கேக்கறா!" அதோடு விட்டாயா? "இந்த வருஷமும் லீவு கிடைக்காதுப்பா" என்று அதே மூச்சில் சொன்னாய். அப்போ தடுத்தது பாஷை இல்லே. உனக்கு வர இஷ்டமில்லே, அவ்வளவுதான். அதைத் தமிழிலேயே சொல்லியிருக்கலாமேடா, எனக்கு நன்னாப் புரியுமே! அம்மா "போறும், விடுங்கோ"ங்கறா. சொல்லிட்டு அடுக்களையில போய் மூக்கைச் சிந்தறா. இனி நான் உன்னை வா என்று கூப்பிடப் போவதில்லை. அந்த ஊர்ப் பக்கம் நானும் கால் வைக்கமாட்டேன். இது முடிவு.

மூவருக்கும் எங்கள் ஆசீர்வாதம். குளிரில் காதை மூடிக்கொண்டு போ.

இப்படிக்கு,
அப்பா

பின்குறிப்பு: கையெழுத்துப் போட்டு நிமிர்ந்தால், லிபி அவள் அம்மா போனிலிருந்து தானாகவே கூப்பிடுகிறாள். கால் மணி நேரம் பேசினாள். ஒன்றும் புரியவில்லை. விட்டுக்கொடுக்க மனமில்லாமல் எல்லாவற்றுக்கும் "ஆமாம்" என்று பிரெஞ்சில் சொல்லிக்கொண்டே இருந்தேன். பிறகு உன் ஆத்துக்காரி வந்து இங்கிலீஷில் விளக்கினாள்: ஜூன் மாசம் அங்கே வந்து மூன்று மாசம் லிபியோடு இருப்பதாக நான் வாக்குக் கொடுத்துவிட்டேனாம். அம்மா ஸ்வெட்டர் பார்க்கச் சாலைக் கடைத்தெருவுக்குக் கிளம்பிவிட்டாள். மேலே எழுதியதையெல்லாம் விடு. விசாவுக்கு என்னென்ன காகிதம் வேண்டும், உடனே எழுது.