நூறு சதவீதத்தின் வர்க்கமூலம்

கணிதம் எங்கே தோன்றியது என்று அறிஞர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள். அடித்துக்கொள்ளட்டும். அது பூரணத்துவம் அடைந்த இடம் மரக்காணம் உப்பளம்தான் என்பதில் மட்டும் இனி யாருக்கும் சந்தேகம் வரக்கூடாது.

அந்த மகத்தான நிகழ்வைக் கண்ணால் காணும் பாக்கியம் பத்தாம் வகுப்புக் கணக்கு டீச்சர் சூர்யகலாவுக்கு வாய்த்தது. திருப்புதல் தேர்வில் ஒரு கேள்வி: √72 ÷ √8 எவ்வளவு? மேலிடம் அனுப்பிய விடைக்குறிப்பில் 9 என்று இருந்தது. அதே மேலிடத்து நோட்ஸை உருப்போட்ட வகுப்பு முழுக்க 9 என்றே எழுதிப் பாஸாகிவிட்டது. ஆரோக்கியசெல்வி ஒருத்தி மட்டும் 3 என்று எழுதி 'ஒழுங்கீனம்' செய்துவிட்டாள். மொத்தம் முப்பத்துநாலு, பாஸாக ஒரு மார்க் குறைவு. இதில் ஃபெயிலானவர்களைப் பொதுத்தேர்வுக்கு அனுப்பாமல் வீட்டிலேயே 'ஓய்வெடுக்க' வைப்பது, நூறு சதவீதத் தேர்ச்சிக்காகப் பள்ளி கண்டுபிடித்த கருணைமிகு திட்டம்.

"எழுபத்திரண்டை எட்டால வகுத்தா ஒன்பது சார். அதுக்கு ரூட் எடுக்கணும். மூணுதான் வரும். அந்தப் பொண்ணுக்கு மார்க் போட்டுடலாம் சார்" என்றாள் சூர்யகலா.

தலைமையாசிரியர் ராஜாங்கம் பதறிப்போனார். "ஏம்மா, மேலேருந்து வந்த ஆன்சர் கீயவே தப்புன்றீங்களா? நான் நல்லபடியா ரிடையர் ஆவணும்மா!"

விவகாரம் கணித மேம்பாட்டு அலுவலர் கலையரசன் வரை போயிற்று. அவர் லேசுப்பட்ட ஆளில்லை. 'களத்தில் கணிதம்' திட்டத்தின் தந்தை. "போர்டுல போட்டாத்தான் இந்த சந்தேகம்லாம் வருது. களத்துக்குப் போவோம்" என்று ஒரு குழுவோடு உப்பளத்திலேயே வந்து இறங்கிவிட்டார்.

மழை விட்டு, புது சீசனுக்காக ஆரோக்கியசெல்வியின் அம்மா சகாயமேரியும் மற்றவர்களும் பாத்தித் தரையைக் காலால் மிதித்து மிதித்துச் சமன் செய்து வைத்திருந்தார்கள். குழு அதில் கோடு கிழித்தது. எழுபத்திரண்டு சதுர மீட்டரில் ஒரு பெரிய சதுரம்; அதன் மூலையில் எட்டு சதுர மீட்டரில் ஒரு சின்னச் சதுரம்.

"சின்னது பெருசுக்குள்ள எத்தனை அடங்குது? எண்ணுங்க!" என்றார் கலையரசன். கட்டம் கட்டமாகக் கோடு இழுத்தார்கள். ஒன்பது அடங்கியது. குழு கை தட்டியது.

"ஐயோ சார், அது பரப்பு! ரூட்னா பக்கம். பெரிய பக்கத்துல சின்னப் பக்கம் மூணு தடவைதான் போவுது, பாருங்க" என்றாள் கூடவே வந்திருந்த சூர்யகலா.

"ஓரத்தப் பாக்கறதுக்காம்மா இவ்ளோ தூரம் வந்தோம்? முழுசா பாக்கணும், முழுசா!"

"ஷூவோட ஏறி மிதிக்கிறீங்களே! நாங்க இடுப்பொடிய மிதிச்ச தரைங்க இது! நல்லா இருப்பீங்களா?" என்று சகாயமேரி கத்தினாள். அது 'பொதுமக்கள் ஆர்வத்துடன் பங்கேற்றனர்' என்று அறிக்கையில் ஏறியது. 9 நிலைநாட்டப்பட்டது. ஆரோக்கியசெல்வி அம்மாவோடு பாத்தி மிதிக்கப் போனாள். சூர்யகலாவும் கையெழுத்துப் போடச் சொன்ன இடத்தில் போட்டுத் தொலைத்தாள்.

மே மாதம் ரிசல்ட் வந்தது. நூறு சதவீதம்! பள்ளிக்கூடத்து கேட்டில் பேனர், மேளம், ஆளுக்கொரு பொன்னாடை. கலையரசன் மைக்கில் முழங்கினார்: "இந்த வெற்றியோட ரகசியத்தை நம்ம கணக்கு டீச்சர் வாயாலயே கேப்போம்!"

சூர்யகலா பொன்னாடையை எடுத்து நாற்காலியில் வைத்துவிட்டு மைக்கைப் பிடித்தாள்.

"ரகசியம்லாம் ஒண்ணுமில்லைங்க. கணக்கு தெரிஞ்ச ஒரே பொண்ணை வெளிய நிறுத்தினோம். நூறு வந்துடுச்சு."