அக்ரீ அண்ணாத்தேயும் எதிர்க்கடையும்

கணினியில் எதை ஏற்றினாலும் 'ஐ அக்ரீ' என்று ஒரு பொத்தான் வரும். அதற்கு மேலே பொடி எழுத்தில் பக்கம் பக்கமாக என்னமோ எழுதியிருக்கும். அதை முழுசாகப் படித்துவிட்டு அந்தப் பொத்தானை அமுக்கிய ஒரே மனிதர், இந்தப் பூமியில் இதுவரை பிறந்தவர்களில், கரையான்சாவடி மெயின் ரோட்டில் எங்கள் ஃப்ளெக்ஸ் கடையில்தான் இருந்தார். அவருக்கென்று ஒரு சொந்தப் பெயர் இருந்திருக்கும். நாங்கள் கேட்டதில்லை. ஊருக்கே அவர் அக்ரீ அண்ணாத்தே.

நானும் அவரும் பக்கத்துப் பக்கத்து நாற்காலி டிசைனர்கள். கல்யாண பேனர், காதுகுத்து பேனர், கடைத் திறப்பு ஸ்டிக்கர் எல்லாம் எங்கள் கைவரிசை. வேலை பார்த்தது வெக்டர் மென்பொருளில். படத்தைப் புள்ளியும் வளைவுமாக வரைவது அது. கட்டைவிரல் அளவு மாப்பிள்ளையை மாடி உயரத்துக்கு இழுத்தாலும் மீசை ஓரம் பிசிறடிக்காது. அந்த மென்பொருள் எங்கள் கடைக்கு எப்படி வந்தது என்று யாரும் கேட்டதில்லை. எல்லாக் கடைக்கும் எப்படி வந்ததோ அப்படித்தான் வந்தது. பூட்டை உடைத்த காப்பி.

அண்ணாத்தே வேலைக்குச் சேர்ந்த முதல் நாள், திரையைப் பார்த்ததும் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார்.

“இன்னாபா இது? பூட்ட ஒடச்சி அடுத்தவன் ஊட்டுக்குள்ள பூந்து, அவன் பாயிலயே குந்திக்கினு கீறீங்க?”

ஓனர் சிரித்தார். “ஊரே அப்டிதான் ஓட்டிக்கினு கீது. நீ குந்து நைனா.”

“ஊரு குந்தட்டும். நான் நிக்கிறேன்.”

மூன்று நாள் நின்றார். நின்றுகொண்டே பேனர் ஓரங்களில் கயிறு கோக்கும் வளையம் அடித்தார். வேறு யாராக இருந்தாலும் ஓனர் அனுப்பியிருப்பார். ஆனால் அண்ணாத்தேயின் கை அப்படி. எவ்வளவு கோணல் முகத்தையும் நாலே வளைவில் லட்சணமாகக் கொண்டுவந்துவிடுவார். அதனால் ஓனர் இறங்கிவந்து, மாதச் சந்தா கட்டி முறைப்படியே வாங்கலாம் என்றார். அண்ணாத்தே அந்த ஒப்பந்தத்தையும் அச்செடுத்து, பென்சிலால் கோடு போட்டு, நாலு நாள் படித்தார்.

“சந்தா கட்ற வரிக்கும்தான் தொறக்குமாம். நிறுத்திட்டா, நான் வரஞ்ச படத்த நானே தொட முடியாது. அப்ப படம் யாருது?”

“உங்களுதுதான்ணே.”

“அப்ப ஏன் தொறக்காது?”

“பெட்டி அவங்களுதுண்ணே.”

“பெட்டிக்குள்ள கீறது என்னுது, பெட்டி அவன்து. இன்னா நைனா ஞாயம் இது?”

அதுவரை எனக்கு எல்லாம் தெளிவாகத்தான் இருந்தது. அன்றைக்குக் குழம்பியது இன்னும் தெளியவில்லை.

கடைசியில் அவரே ஒரு இலவச வெக்டர் மென்பொருளைக் கண்டுபிடித்தார். அதன் உரிமப் பத்திரத்தைப் படித்தவர் ஆடிப்போய்விட்டார். “காப்பி எடுத்துக்கலாமாம், மாத்திக்கலாமாம், அடுத்தவனுக்கும் குடுக்கலாமாம். எங்கியோ ஆப்பு வச்சிக்கீறான்” என்று ஒரு வாரம் தேடினார். கிடைத்துவிட்டது. மென்பொருளை இன்னொருவருக்குக் கொடுத்தால், அது எழுதப்பட்ட மூல நிரலையும் அவருக்குத் தரவேண்டும் என்று ஒரு நிபந்தனை. அது மென்பொருளுக்கு. அண்ணாத்தே அதைக் காதுகுத்து பேனருக்கும் சேர்த்துப் புரிந்துகொண்டார்.

அன்று முதல் எங்கள் கடையில் பேனர் வாங்கிய ஒவ்வொருவருக்கும், அதைத் திருத்தக்கூடிய மூல ஃபைலும் போனில் ஏற்றித் தரப்பட்டது. கூடவே ஆங்கிலத்தில் உரிமப் பத்திரம், பின் அடித்து. எந்தக் கடையும் கழுத்தில் கத்தி வைத்தாலும் தராத பொருள் அந்த ஃபைல். அது கையில் இருந்தால், பெயரை மட்டும் மாற்றி எங்கே வேண்டுமானாலும் அச்சடித்துக்கொள்ளலாமே.

குத்தம்பாக்கத்திலிருந்து ஒரு விவசாயி, பேத்தியின் காதுகுத்து முடிந்த மறுநாள் அந்தக் காகிதத்தோடு வேர்க்க விறுவிறுக்க வந்தார். அவர் ஊரில் புது பஸ் நிலையம் வந்ததிலிருந்து, ஆங்கிலக் காகிதம் எதைப் பார்த்தாலும் நிலத்தை எடுக்கும் நோட்டீஸ் என்றே நினைப்பாராம்.

“காது குத்துனதுக்குக்கூடவா சார் நோட்டீஸ் உடுவாங்க?”

“நோட்டீஸ் இல்ல பெரியவரே. உங்க பேனர நீங்க எப்ப வேணா மாத்திக்கலாம். அதுக்கு உங்களுக்கு உரிம கீது.”

“எதுக்கு மாத்தணும்? அதான் குத்தியாச்சே.”

அண்ணாத்தே ஒரு மணி நேரம் விளக்கினார். எல்லாவற்றுக்கும் தலையாட்டிய பெரியவர், கடைசியில் எங்கே கைநாட்டு வைக்கணும் என்று கேட்டார்.

சிரிப்பு அதோடு முடிந்தது. எங்கள் ஃபைல்கள் ஒவ்வொன்றாகச் சாலையைக் கடந்து எதிர்க்கடைக்குப் போய், அங்கே பெயர் மாறி பேனராகத் தொங்க ஆரம்பித்தன. ஒருநாள் காலை ஓனர் வந்தார். சிரிக்கவில்லை.

“இனிமே ஒரு ஃபைலு வெளிய போச்சு, நீயும் அதும்கூடவே போய்டு.”

அண்ணாத்தே ஐம்பதைத் தாண்டியவர். உடைத்த காப்பியைத் தொடமாட்டேன் என்பவருக்கு அந்தச் சாலையில் வேறு எந்தக் கடை நாற்காலி போடும்? இந்த வேலை போனால் போனதுதான். அதனால் என் ஜென்மத்தில் முதன்முறையாக ஓர் உரிமப் பத்திரத்தைப் படித்தேன். இரண்டு முறை தூங்கிவிழுந்தேன். ஆனாலும் அந்த வரி கிடைத்தது. மென்பொருளில் நாம் உருவாக்குவதை இந்த நிபந்தனை கட்டுப்படுத்தாது.

அண்ணாத்தே அதைப் பென்சிலோடு மூன்று தடவை படித்தார்.

“அப்ப குடுக்கணும்னு இல்ல?”

“இல்லவே இல்லண்ணே! நீங்க வரஞ்சது உங்களுது.”

ஓனர் குளிர்ந்துபோய் எல்லோருக்கும் டீ சொன்னார். டீ வருவதற்குள் கொரட்டூரிலிருந்து ஒரு அம்மா, தன் டிபன் கடை ஸ்டிக்கரை வாங்க வந்தார். அண்ணாத்தே ஸ்டிக்கரைச் சுருட்டிக் கொடுத்துவிட்டு, “போன குடும்மா, ஃபைல ஏத்தி உடறேன்” என்றார்.

நான் பதறி எழுந்தேன். “அண்ணே, தரவேணாம்னு இப்பதானே படிச்சீங்க?”

“தரவேணாம்னு எங்க போட்டுக்கீது? தரணும்னு இல்லேன்னுதான் போட்டுக்கீது. இத்தினி நாளு பயந்துக்கினு குடுத்தேன். இப்ப நானா குடுக்கறேன். மொகம் தெரியாத எவனோ எனக்கு இம்மாம் பெரிய சாமான சும்மா குடுத்துக்கீறான். நான் ஒரு இட்லி படம் குடுத்தா கொறஞ்சா பூடுவேன்?”

டீ கிளாஸைக் கையில் வைத்துக்கொண்டே ஓனர் வாசலைக் காட்டினார். அண்ணாத்தே பென்சிலை எடுத்துக்கொண்டு போனார். அவரைக் காப்பாற்றப் போய் நானே அவர் வேலைக்கு உலை வைத்துவிட்டேனா, இல்லை அவர் எப்படியும் அப்படித்தான் செய்திருப்பாரா என்று எனக்குப் புரியவே இல்லை. அந்த வாரம் முழுக்கச் சாப்பாடு இறங்கவில்லை.

அடுத்த வாரம் எதிர்க்கடை அவரை வேலைக்கு எடுத்துக்கொண்டது. ஃபைல் வருவது நின்றதும் அவர்களுக்குக் கை ஒடிந்தது போலாகிவிட்டதாம். அவருக்காகவே கடைக் கணினிகளில் இலவச மென்பொருளை ஏற்றினார்களாம். அண்ணாத்தே அங்கேயும் தன் வேலையைக் காட்டினார். சீக்கிரமே அவர்களுடைய வாடிக்கையாளர்கள் ஃபைலும் கையுமாக எங்கள் கடைப் படியேறினார்கள்.

“அந்தாளு இப்பதான்டா நமக்கு ஒயுங்கா வேல பாக்கறான்” என்றார் ஓனர், வாயெல்லாம் பல்லாக.

முதலில் வந்த ஃபைலைத் திறந்தேன். ஒரு கல்யாண பேனர். அச்சில் வராத வெளி ஓரத்தில், சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு இருந்தது. எப்படியும் அது என்னிடம்தான் வந்து சேரும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது.

‘நைனா, மாப்ள மூக்க தனியா வரஞ்சி ஒட்டிக்கீறேன், கைப்பட்டு இழுத்துடாத. மத்தியானம் சாப்ட்டியா?’

கீழேயே ‘சாப்பிட்டேன்ணே, நீங்க?’ என்று வழக்கமான பொய்யைத் தட்டினேன். அந்த ஃபைல் அவரிடம் திரும்பிப் போகாது என்பது பிறகுதான் உறைத்தது. ஓனர் பார்க்கப் பார்க்கவே எழுந்து, சாலையைக் கடந்து, நான் இன்னும் சாப்பிடவில்லை என்று நேரிலேயே போய்ச் சொன்னேன்.