டவுட்டு மேஸ்திரியின் காதில் ஹெட்போன்

திருத்தணி வட்டாரத்தில் டவுட்டு மேஸ்திரியின் சந்தேகத்துக்குத் தப்பிய உயிர் ஒன்றுகூடக் கிடையாது. மலைமேல் கொடுக்கிற விபூதியைக்கூட முகர்ந்து பார்த்த பிறகுதான் நெற்றியில் பூசுவார்.

ஆர்.கே.பேட்டையில் ஒரு விசைத்தறி ஷெட்டில் தறிகளைப் பழுது பார்ப்பவர் அவர். சொந்தப் பெயரைக் கேட்டேன். “எதுக்குங்க கேக்கறீங்க?” என்றார். அதோடு விட்டுவிட்டேன்.

தறித் தொழிலாளர்களின் அன்றாட வாழ்க்கையைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க, நானும் ஒலிப்பதிவு செய்யும் நண்பன் பாஸ்கரும் அங்கே போயிருந்தோம். முதலாளி அனுமதி தந்துவிட்டார், மேஸ்திரி தரவில்லை. முதலில் எங்களைக் கரண்ட் ஆபீஸ் ஆட்கள் என்றார். மறுநாள் நாங்கள் புடவை டிசைன் திருட வந்த கும்பல். அதுவும் பொருந்தாமல் போகவே, யார் அதிக நேரம் டீ குடிக்கிறார்கள் என்று பார்க்க முதலாளியே அனுப்பிய வேவுக்காரர்கள் ஆனோம். நீண்ட கோலின் நுனியில் ரோமம் போர்த்திய மைக்கைப் பார்த்துவிட்டு, “செத்த கீரிப்பிள்ளைய இன்னாத்துக்குக் குச்சில கட்டிகினு சுத்தறீங்க?” என்று பாஸ்கரை விசாரித்தார்.

கேமரா முன் வாயைத் திறந்தால் வேலை போய்விடும் என்று அவர் ஷெட் முழுக்கச் சொல்லி வைத்திருந்தார். ஒருவரும் பேசவில்லை. நாங்கள் எடுத்ததெல்லாம் தறிகளும் முதுகுகளும்தான். அதை வைத்துக்கொண்டு படம் பண்ண முடியாது.

கடைசியில் பேசச் சம்மதித்தவர் ஒரே ஒருவர், மேஸ்திரியின் மனைவி சரோஜாம்மா. அதே ஷெட்டில் நூல் சுற்றுகிறவர். பின்பக்கம் வேப்பமர நிழலில் அவரை உட்காரவைத்துத் தொடங்குவதற்குள் மேஸ்திரி வந்து நின்றார். தன்னைப் பற்றி இவள் என்ன கோள் சொல்லப்போகிறாள் என்று அவருக்குத் தெரிந்தாக வேண்டுமாம். பாஸ்கர் தன் ஹெட்போனைக் கழற்றி அவர் தலையில் மாட்டி, ஒலியைக் கூட்டினான்.

சரோஜாம்மா மெதுவாகச் சொன்னார்: “தறிச் சத்தத்துல அவருக்குக் காது போயிட்டுதுங்க. ஒத்துக்க மாட்டாரு. நாலு பேர் பேசிகினு நின்னா தன்னத்தான் பேசறாங்கன்னு நெனச்சிக்கிறாரு. நான் இன்னா சொன்னாலும் திட்டறேன்னு கோச்சிக்கிறாரு. சாப்ட வாங்கன்னுதாங்க கூப்புடறேன்.”

மேஸ்திரி ஹெட்போனை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டார்.

“இத்தினி நாளா இதான் சொல்லிகினு இருந்தியா?”

“ஆங்” என்றார் சரோஜாம்மா.

மேஸ்திரி துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு பாஸ்கர் பக்கம் திரும்பினார். அது நிஜமாகவே அவள் குரல்தானா, மெஷினில் ஏதாவது தில்லுமுல்லு செய்தானா என்று குறுக்கு விசாரணை நடத்தினார்.

மறுநாள் அவரே ஆட்களை ஒவ்வொருவராக இழுத்துவந்து கேமரா முன் உட்காரவைத்தார். ஹெட்போனோடு பக்கத்தில் நின்று, கதை விடுகிறவர்களை அதட்டித் திரும்பச் சொல்ல வைத்தார். எங்கள் படத்தில் பொய்யே கிடையாது என்று இன்றைக்கும் என்னால் தைரியமாகச் சொல்ல முடியும்.

போன மாதம் திருப்பதி போகிற வழியில் கனகம்மாசத்திரத்தில் இறங்கி ஒரு டீ குடித்தேன். பஸ் திருத்தணியைத் தொடுவதற்குள் போன் வந்தது.

“சத்திரத்துல டீ குடிச்சீங்களாமே. எங்க வூட்டுக்கு வராம எங்க போய்கினு இருக்கீங்க? இன்னா சமாச்சாரம்?”

யார் சொன்னது என்று கேட்டேன். சொல்லவில்லை. சென்னையில் நான் வந்தேனா போனேனா என்று கேட்க ஆள் கிடையாது. திருத்தணியில் இறங்கி ஆர்.கே.பேட்டை டவுன் பஸ்ஸில் ஏறிக்கொண்டேன்.