கதிரேசன் செல்ஃப் மோட்டார் தேடிய படலம்

வாழி கதிரேசன்! மாடம்பாக்கத்து மூவடுக்குக் குடியிருப்பின் முதல் தளத்து இடக்கைப் பக்கத்தை ஆள்பவனும், போட்டியிட வேறு ஆளே இல்லாத காரணத்தால் குடியிருப்போர் சங்கச் செயலாளர் தேர்தலில் இருமுறை வாகை சூடியவனும், தண்ணீர் லாரியைத் தன் ஒற்றைக் கையசைவால் பின்னோக்கி வரவழைத்து ஒருமுறை மட்டுமே மதிலில் மோதவிட்டவனும், ‘வண்டியைப் பத்தி எனக்கு எல்லாம் தெரியும்’ என்னும் விருதைத் தன் வாயாலேயே தனக்குச் சூட்டிக்கொண்டவனுமாகிய கதிரேசன் வாழி! நால்வர் உட்காரவும் ஐந்தாமவர் மூச்சையடக்கி ஒண்டவும் இடந்தரும் அவனது வெண்ணிறச் சிறுதேர் வாழி! அத்தேரின் பானெட்டுக்குள் ஒருவர்மேல் ஒருவராக நெருக்கியடித்து உறையும் இரும்புத் தெய்வங்களே, உங்களில் எவர் எங்கே இருக்கிறீர் என்பது எமக்கும் தெரியாது, அவனுக்கும் தெரியாது. ஆனாலும் கதை முடியும்வரை கூடவே இருங்கள்.

ஐப்பசி மாதத்து ஞாயிறு, காலை எட்டு நாற்பது. கேளம்பாக்கத்து மண்டபம் ஒன்றில் பத்தரை மணிக்குக் கதிரேசனின் தங்கை அஞ்சலியின் பெண் குழந்தைக்குக் காதுகுத்து. காது குத்தும்போது குழந்தை தாய்மாமன் மடியில்தான் உட்கார வேண்டும். தாய்மாமன்கள் இருவரானால் மூத்தவன் மடி. மூத்தவன் வந்து சேராவிட்டால் இளையவன் மடி. அந்த இளையவன் பெயர் பிரேம். பெருங்களத்தூரில் வசிப்பவன், பைக்கில் பறப்பவன், சென்ற பொங்கலன்று சொந்தபந்தம் அத்தனையும் கூடியிருந்த சபையில் அண்ணனின் சிறுதேரை ‘டப்பா’ என்று சொல்லி, சொன்னதோடு நில்லாமல் பானெட்டை விரலால் தட்டியும் காட்டியவன். ஆகவே கதிரேசனுக்கு அன்று இப்பூவுலகில் வேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான். குழந்தை தன் மடியில் உட்கார வேண்டும், பிரேம் பக்கத்தில் சும்மா நிற்க வேண்டும்.

போர்க்கோலம் பூண்டான் வீரன். அரைச்சாண் சரிகையோடிய பட்டுவேட்டி இடையில் விளங்க, குழந்தைக்கென்று செய்த தங்கத்தோட்டின் சிறுபேழை சட்டைப் பையில் துலங்க, ஒன்பது சீர்த்தட்டுகளும் பின்னிருக்கையில் நெரிந்து கிடக்க, அம்மன் கோயிலில் மந்திரித்து வாங்கிய புத்தம்புது எலுமிச்சையைக் கண்ணேறு கழியும் பொருட்டு டேஷ்போர்டின் நடுவே அமர்த்தினான். ஆடி மாதத்தில் வைத்த பழைய பழம் அங்கே காணவில்லை. மனைவி சத்யபிரியா எடுத்து எறிந்திருப்பாள் என்று கதிரேசனும், அவர்தான் எறிந்திருப்பார் என்று சத்யபிரியாவும் நினைத்துக்கொண்டார்கள். ஒருவரையொருவர் கேட்கவில்லை, கல்யாணமாகிப் பதினாறு வருஷமாகிறது.

இனி, சாவி திருகிய திறம் கேளீர்! இடக்கால் எழுந்து கிளட்ச்சின்மேல் இறங்க, அதுவோ பாதி வழியிலேயே நின்று முரண்டு பிடிக்க, கால் அச்செய்தியை மூளைக்கு அனுப்ப, மாவீரர்தம் மூளை கால் சொல்லிக் கேட்கும் வழக்கம் இல்லையாதலால் அதைக் குப்பையில் போட, வலக்கரம் சாவியைப் பற்றித் திருக, எழுந்திருக்க வேண்டிய உறுமல் எழவில்லை. இருமல்கூட எழவில்லை. மறுபடி திருகினான். மூன்றாம் முறை, கோளாறு சாவியில் இருக்குமோ என்று அதை ஊதிவிட்டுத் திருகினான். ஹாரனை அழுத்தினான், அது மட்டும் தெருநாய்கள் எழுந்து ஓடும்படி முழங்கியது.

“பேட்டரி ஓகே. பெட்ரோல் இருக்கு. அப்ப இது செல்ஃப் மோட்டார்தான்!” என்று பார்க்கிங் முழுவதும் அதிரும்படிப் பிரகடனம் செய்தான் கதிரேசன். சாவியைத் திருகியதும் எஞ்சினைச் சுழற்றி எழுப்பிவிடும் அந்த உருளைதான் நம் நாட்டில் செல்ஃப் மோட்டார் எனப்படுவது. அது மக்கர் பண்ணினால் இரும்பால் லேசாக ஒரு தட்டுத் தட்டினாலே எடுத்துக்கொள்ளும் என்று பதினோரு நிமிட வீடியோ ஒன்றை இரட்டை வேகத்தில் பார்த்துத் தேர்ந்திருந்தான் நம் வீரன். எங்கே தட்டுவது என்கிற பகுதியில்தான் அன்று குக்கர் விசில் அடித்துவிட்டது.

“ஏங்க, ஒரு ஆட்டோ புடிச்சிப் போயிடலாங்க. மணி ஒம்போது ஆவப் போவுது” என்றாள் சத்யபிரியா.

“சீர்த்தட்டோட தாய்மாமன் ஆட்டோல போய் எறங்கறதா? அந்த பிரேம் சிரிப்பான்டி!”

“குழந்தை உங்க மடியில உக்காரணுமா, உங்க கார்ல உக்காரணுமா?”

இக்கேள்விக்கு முதுகைக் காட்டிப் பானெட்டைத் திறந்தான். “ஐம்பது நிமிஷத்துல போயிடலாம். இன்னும் நேரம் கிடக்குது” என்றான்.

ஐயகோ, அந்தப் பானெட்டுக்குள் விரிந்த கானகத்தை யாங்ஙனம் உரைப்பது! ரப்பர்க் குழாய்கள் பின்னிப் பிணைய, ஒயர்க்கொடிகள் ஊடும் பாவுமாய் ஓட, கருநிறப் பெட்டிகளும் மூடிகளும் ‘நான்தான் அது, நான்தான் அது’ என்று ஒரே முகத்தோடு நிற்க, நடுவே ஒன்று மட்டும் சந்தனமும் குங்குமமும் துலங்க வீற்றிருந்தது. சென்ற மாதம் ஆயுத பூஜையன்று ‘இதுதான் செல்ஃப் மோட்டார், வண்டிக்கே உயிர்’ என்று சொல்லிக் கதிரேசன் தன் கையாலேயே பொட்டிட்டுக் கற்பூரம் காட்டிய தெய்வம் அது. ஸ்பேனரின் கொண்டையால் அதைப் பயபக்தியோடு மும்முறை தட்டினான். ஓடிப்போய்ச் சாவியைத் திருகினான். தெய்வம் அசையவில்லை.

“சார், அது ஏ.சி. கம்ப்ரஸர்” என்றது ஒரு குரல். இரண்டாம் தளத்து ஜீவானந்தம்; ரயில்வேயில் ஓய்வு பெற்றவர்; யார் வீட்டு வண்டி நின்றாலும் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கி வந்து, ஒரு துரும்பையும் தொடாமல் கடைசிவரை நின்று பார்த்துவிட்டுப் போகும் நல்லவர். வண்டி வாங்கிய நாள் முதல் ஆறு வருஷமாக, ஆயுத பூஜைதோறும், ஏ.சி. கம்ப்ரஸருக்குக் கற்பூரம் காட்டியிருக்கிறோம் என்பது உறைத்ததும் கதிரேசன் ஒரு கணம் தலைகுனிந்தான். கம்ப்ரஸர் மட்டும் இத்தனை வருஷமும் ஒரு குறையும் இல்லாமல் ஓடியிருக்கிறது.

பேட்டரியிலிருந்து புறப்படும் தடித்த சிவப்பு ஒயரைப் பின்தொடர்ந்தால் செல்ஃப் மோட்டாரின் வாசலில் கொண்டுபோய் விடும் என்று வீடியோ ஆசான் அருளியிருந்தார். தொடர்ந்தான் வீரன். வளைந்தான், நெளிந்தான், தலையை உள்ளே விட்டான், மூக்கில் மசி பூசிக்கொண்டான், இறுதியில் ஃப்யூஸ் பெட்டியில் போய் முட்டினான். திரும்பி வந்து இரண்டாவது சிவப்பு ஒயரைப் பற்றினான். அது கீழிறங்கி, ஏர் ஃபில்டர் பெட்டியின் அடியில் நுழைந்து, கியர் பாக்ஸின் தோளோரம் இருட்டுக்குள் மறைந்தது. அங்கே, தொலைதூரத்தில், ஒரு பெரிய நெல்லிக்காய் அளவுக்கு மட்டும் தெரிந்தது அந்த உருளையின் முனை.

“கண்டேன்!” என்று கூவினான். “நாப்பது நிமிஷத்துல போயிடலாம்!”

காணுதல் வேறு, கை எட்டுதல் வேறு. அந்த மோட்டாரை அங்கே வைத்த பொறியியல் வல்லோன், மனிதக் கையையே வாழ்நாளில் கண்டிராதவனாய் இருக்க வேண்டும். ஏர் ஃபில்டர் பெட்டியைக் கழற்றினால் வழி பிறக்கும் என்று கதிரேசன் மூன்று கிளிப்புகளை விடுவித்து, நான்காவதை உடைத்து, பத்தாம் நம்பர் ஸ்பேனரால் கடைசி போல்ட்டைத் திருகும்போது, வியர்த்த விரலிடை நழுவிய அந்த ஸ்பேனர் ‘கிளிங்’ என்றது, ‘கிளாங்’ என்றது, பிறகு ஒன்றும் சொல்லவில்லை. குனிந்து தரையைப் பார்த்தார்கள். அங்கே விழவில்லை. ஜீவானந்தம் செல்போன் வெளிச்சம் அடித்துப் பார்த்தார். எங்கும் இல்லை. உள்ளே போன ஸ்பேனர் உள்ளேயே இருந்துவிட்டது.

மணி பத்து ஐந்து. ஆனாலும் நெஞ்சில் ஒரு கோட்டை இருந்தது நம் வீரனுக்கு. தோடு தன் சட்டைப் பையில் இருக்கும்வரை அங்கே எப்படிக் காது குத்துவார்கள்? தான் போகாமல் ஊசி எழாது, ஆசாரியின் கை அசையாது! அந்நேரம் பார்த்துப் பிரேமின் போன் வந்தது.

“அண்ணா, எங்க இருக்க? இங்க எல்லாரும் வந்தாச்சு.”

“இதோ வந்துட்டே இருக்கேன். தோடு எங்கிட்டதான் இருக்கு, வெயிட் பண்ணச் சொல்லு.”

“பரவால்ல அண்ணா, நீ டென்ஷன் ஆவாத. நானும் ஒரு ஜோடி வாங்கினு வந்துட்டேன். நான் பாத்துக்கறேன், நீ பொறுமையா வா.”

‘பொறுமையா வா’! எதிரியின் சங்கொலிகூட இத்தனை இனிமையாய் ஒலித்ததில்லை. இடிந்தது கோட்டை. கதிரேசனின் கண் சிவந்தது, மீசை துடித்தது, பட்டுவேட்டி மடித்துக் கட்டப்பட்டது. ஜாக்கியை நாட்டித் தேரை உயர்த்தி, ஒன்பது நாள் முந்தைய செய்தித்தாளை மண்ணில் விரித்து, பூமித்தாயின்மேல் மல்லாந்து புகுந்தான். மசி சொட்டச் சொட்ட, கரப்பான் ஒன்று காதோரம் கடந்து போக, வீல் ஸ்பேனரின் நீள்கோலை இண்டு இடுக்கெல்லாம் நுழைத்து நீட்டி, இறுதியில் அந்த உருளையின் புறமுதுகில் ஓங்கி ஒன்று வைத்தான். ‘ணங்’ என்ற ஓசை ஏ பிளாக்கைக் கடந்து பி பிளாக்கின் பால்கனிகளுக்கும் எட்டியது. ஊர்ந்து வெளியே வந்து, “திருப்புடி சாவியை!” என்று ஆணையிட்டான்.

சத்யபிரியா ஓட்டுநர் இருக்கையில் அமர்ந்தாள். “என்னங்க, இந்த கிளட்ச் உள்ளயே போவ மாட்டேங்குதுங்க. எதுவோ தடுக்குது.”

“அதெல்லாம் உனக்குத் தெரியாது. நீ சாவிய மட்டும் திருப்பு!”

திருப்பினாள். அமைதி. மறுபடி அடித்தான், மறுபடி திருப்பினாள், மறுபடி அமைதி. “இருபது நிமிஷத்துல போயிடலாம், ஞாயித்துக்கிழமை ரோடு காலியா இருக்கும்” என்று கதிரேசன் சொன்னபோது மணி பத்து நாற்பது. ஜீவானந்தம்கூட வானத்தைப் பார்த்தார்.

அப்போது வந்தான் மாரி. சேலையூர் பக்கம் மெக்கானிக் கடை வைத்திருப்பவன். ஒன்பதரைக்கே கணவன் அறியாமல் சத்யபிரியா போன் செய்திருந்தாள். கை வேலையை முடித்துவிட்டு இப்போதுதான் வருகிறான். கழற்றிய பெட்டியைப் பார்த்தான், ஜாக்கியைப் பார்த்தான், கரியும் சரிகையுமாய் நின்ற வீரனை ஏற இறங்கப் பார்த்தான். பானெட்டின் பக்கமே போகவில்லை. சத்யபிரியா என்னவோ சொல்ல, ஓட்டுநர் கதவண்டை குந்தி, கிளட்ச்சின் அடியில் கையை விட்டு எதையோ பிடுங்கி எடுத்தான். காய்ந்து, கறுத்து, கொட்டைப் பாக்காய் இறுகிப்போன ஓர் எலுமிச்சம்பழம். ஆடி மாதத்தில் வைத்தது.

“இன்னா சார் நீ? இந்த வண்டில கிளட்ச் ஃபுல்லா அமுக்கினாதான் செல்ஃப் எடுக்கும். எலுமிச்சம்பயம் அடில உருண்டு பூந்துகினு கீது. மோட்டாரு நல்லாத்தான் கீது, அதப் போட்டு இன்னாத்துக்கு இந்த அடி அடிச்ச?”

மாரி உட்கார்ந்து சாவியைத் திருகினான். முதல் திருகிலேயே எழுந்தது உறுமல். அடுத்த நொடியே அணைத்துவிட்டு, “ஸ்பேனரு உள்ள வுட்டுட்டியாமே? அது ஃபேன்ல மாட்டிச்சின்னா பேஜாராப் பூடும். வண்டிய எடுக்காத சார், நான் பாத்து வெக்கிறேன். நீ ஆட்டோல போ” என்றான். கண்ணேறு கழிக்க வைத்த பழத்தைக் கதிரேசன் உள்ளங்கையில் வைத்துப் பார்த்தான். அழுகை வந்தது. மனைவி பக்கம் திரும்பவே இல்லை.

ஆட்டோவில் ஒன்பது தட்டும் இரண்டு பேரும். வழிநெடுக அவன் மடியில் இருந்தது வாழைப்பழத் தட்டு. மண்டபத்தை அடைந்தபோது முதல் பந்தி எழுந்து கைகழுவிக்கொண்டிருந்தது. குழந்தையின் இரு காதுகளிலும் பிரேம் வாங்கிய தோடு மின்னியது. ஆனாலும் பிரேம் சிரிக்கவில்லை. அண்ணனின் மூக்கு மசியைக் கைக்குட்டையால் துடைத்துவிட்டான். சிரித்திருந்தாலே தேவலை என்றிருந்தது கதிரேசனுக்கு.

“ஏன் அண்ணா இவ்ளோ லேட்டு? எத்தன வாட்டி வாசலப் பாத்தேன் தெரியுமா?” என்று கண்கலங்கிய அஞ்சலி, அண்ணனைப் பலகையில் உட்கார வைத்தாள். “தோடு மாத்தறப்ப உன்னுத போட்டுக்கலாம். இப்ப ஒரு போட்டோவாவது எடுக்கட்டும்” என்று குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

ஆகா! எந்த மடிக்காகத் தேர் திறந்தானோ, எந்த மடிக்காகச் சிவப்பு ஒயர்க் கானகத்தில் அலைந்தானோ, எந்த மடிக்காக மண்ணில் மல்லாந்து மசி குடித்தானோ, அந்த மடியை, கறை படிந்த சரிகை மேலே தெரியாதபடி வேட்டியை இழுத்துவிட்டு, முதுகை நிமிர்த்தி, அகல விரித்து வைத்தான் மூத்த தாய்மாமன். மேளக்காரர் சோற்றுக்குப் போயிருந்தபடியால் மேளமின்றியே, சுற்றம் சூழ, கேமரா கண் திறக்க, பிரேம் பக்கத்தில் சும்மா நிற்க, அழுது ஓய்ந்த அந்தப் பூங்கொடி தன் ஈரக் கன்னத்தை மாமன் மார்பில் சாய்த்து, அவன் மடிமீது மெல்ல அமர்ந்து, ஒருமுறை அவன் முகத்தை ஏறிட்டுப் பார்த்துச் சிரித்தது.

பிறகு ஒன்றுக்குப் போய்விட்டது.