அலமாரியின் பெருமூச்சு

அன்புள்ள மைத்துனனுக்கு,

அத்தான் எழுதுவது. இங்கே என் இடுப்பு ஒன்றைத் தவிர மற்ற எல்லாம் சுகம். அங்கே நீ சுகமாகத்தான் இருப்பாய், கேட்கவே வேண்டாம்.

உன் அக்காவை நான் கட்டிய புதிதில் நாம் நடித்த குறும்படத்தின் சுருள்பெட்டி ஏதோ ஒரு கிடங்கில் கிடைத்ததாம். நேற்று திரைப்படச் சங்கத்தில் போட்டார்கள். அந்தப் பழைய கதை உனக்கு நினைவிருக்கும். மேலிடம் குமாஸ்தாவை விட்டுவிட்டு, அவன் அறையில் நிற்கும் அலமாரிக்குப் பதவி உயர்வு கொடுக்கிறது. குமாஸ்தா நான். அலமாரிக்குள் குந்தியிருந்து கதவை ஆட்டியது நீ. "வீட்டுல சும்மாதான் இருக்கான், உள்ள அடைச்சு வைங்க" என்று இயக்குநரிடம் சொல்லி அந்த வாய்ப்பை வாங்கிக் கொடுத்ததும் நான்தான்.

படம் முழுக்க நான் அழுகிறேன், கெஞ்சுகிறேன், மேஜைமேல் ஏறி விழுகிறேன். அரங்கில் ஒரு சத்தமில்லை. கடைசியில் நான் வெளியே போனபிறகு, காலி அறையில் அலமாரி ஒரு பெருமூச்சு விடுகிறதே, அதற்கு எழுந்து நின்று கைதட்டுகிறார்கள். பக்கத்து இருக்கைக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அலமாரி பிச்சு உதறிட்டாருங்க" என்றார். "அந்த குமாஸ்தா?" என்று என் முகத்தை வெளிச்சத்தில் காட்டிக் கேட்டேன். "யாரோ... அலமாரிய மறைச்சுக்கிட்டே நின்னாரு" என்றார். உன் அக்காவோ, "பாத்தீங்களா என் தம்பிய! மூஞ்சியே காட்டாம அழ வச்சுட்டான். நீங்க மூஞ்சியக் காட்டியும்..." என்று பாதியில் நிறுத்திக்கொண்டாள். முழுதாகச் சொல்லியிருந்தால்கூட இவ்வளவு வலித்திருக்காது. அது போதாதென்று சங்கத்துச் செயலாளர் வந்து, ஞாயிற்றுக்கிழமை உனக்குப் பாராட்டு விழா, மேடையில் நடு நாற்காலி என்றார். "நீங்கதான் அத்தானாமே சார், அவரக் கூட்டிட்டு வந்துடுங்க. உங்களுக்கும் முன்வரிசையில இடம் போட்டிருக்கோம்."

மாப்பிள்ளை, நீயே சொல். மூச்சு விடுவது ஒரு நடிப்பா? பெட்டிக்குள் அடைத்தால் எவனும் விடுவான். உனக்கு மனசாட்சி இருந்தால், உடம்பு சரியில்லை என்று சொல்லி விழாவுக்கு வராமல் இரு.

தங்கச்சியைக் கேட்டதாகச் சொல். பிள்ளைகள் உன்னைப் போல் இல்லாமல் நன்றாக வர என் ஆசி.

வயிற்றெரிச்சலில் அல்ல, நியாயத்துக்காக எழுதும்,
உன் அத்தான்

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது உன் அக்கா வாங்கிப் படித்துவிட்டாள். "ஏங்க, இப்பத்தான் ஞாபகம் வருது, அந்த மூச்சு எடுத்த அன்னைக்கு அவனுக்குக் காய்ச்சலாச்சே! ஹீரோ இல்லாத சீன்தானேன்னு உங்களத்தானே உள்ள திணிச்சாங்க? அன்னைக்குப் பிடிச்ச இடுப்புதானே இது?" என்றாள். யோசித்துப் பார்த்தேன். இடுப்பும் ஆமாம் என்கிறது. ஆகவே மூச்சைப் பற்றி மேலே எழுதியதை அடித்துவிட்டுப் படி. அது லேசுப்பட்ட மூச்சல்ல. பெட்டிக்குள் அடைபட்டவனுக்கெல்லாம் அது வராது. ஞாயிற்றுக்கிழமை அவசியம் வா. முன்வரிசையில் ஓர் இடம் காலியாகிறது.