மனுதாரர்: வடக்குச் சுவர்ப் பூஞ்சை

கூரை ஒழுகினால் யாரிடம் போய்ச் சொல்வீர்கள்? கொத்தனாரிடம் என்றால் உங்களுக்குச் சொந்த வீடு இருக்கிறது, கொடுத்துவைத்தவர்கள். கதைக்காரி வேலை பார்த்தது அரசு நூலகத்தில்.

சாயங்காலம் சிறுவர் பிரிவில் பிள்ளைகளுக்குக் கதை சொல்வது அவள் வேலை. நாலு வயசு மகள் வாயாடி முன்வரிசையில் உட்கார்ந்து, கதை பாதியில் இருக்கும்போதே முடிவைப் போட்டு உடைப்பாள். அந்த மழைக்காலத்தில் வடக்குச் சுவர் ஊறிப்போய்ப் பச்சையாகப் பூஞ்சை பிடித்தது. பிள்ளைகள் லொக்கு லொக்கென்று இருமினார்கள். வாயாடிக்கு முடிவைச் சொல்லக்கூட மூச்சு வரவில்லை. பெற்ற வயிறு சும்மா இருக்குமா? கதைக்காரி பதினோரு மனு போட்டாள். பன்னிரண்டாவது மனுவுக்கு ஆள் வந்தார். கொத்தனார் இல்லை, ஆராய்ச்சியாளர்.

அவர் பூதக்கண்ணாடியோடு சுவரை அரை மணி நேரம் பார்த்துவிட்டு, நூலக இயக்குநருக்கு விளக்கினார். மண்ணுக்கடியில் பூஞ்சை நூல்கள் மரத்துக்கு மரம் சேதி கொண்டுபோகின்றன. கதையும் சேதிதான். ஆகவே உலகத்துக் கதையெல்லாம் பூஞ்சை வழியாகப் பரவியதே. ஒரே கதை ஊருக்கு ஊர் மாறியிருப்பதற்குக் காரணம் ஈரப்பதம்.

"சுவருக்கும் காது உண்டுன்னு பெரியவங்க சும்மாவா சொன்னாங்க?" என்று முடித்தார்.

அன்றே சுற்றறிக்கை வந்தது. மேற்படி பூஞ்சையைத் துடைப்பதோ, சுரண்டுவதோ, அதன் முன்னிலையில் தும்முவதோ தண்டனைக்குரியது. இருமும் பிள்ளைகள் அதன் கவனத்தைக் கலைப்பதால் மறு உத்தரவு வரை வெளியே நிற்க வேண்டும். கதை மட்டும் தடையின்றி நடக்க வேண்டும்.

கதைக்காரி சுவரைப் பார்த்து உட்கார்ந்து கதை சொன்னாள். பிள்ளைகள் தூறலில் நனைந்தபடி சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்டார்கள்.

"அம்மா, அது உம் கொட்டவே இல்ல" என்றாள் வாயாடி, இருமலுக்கு நடுவே.

ஊரில் பூஞ்சை மோகம் தலைக்கேறியது. வசதியானவர்கள் வரவேற்பறையில் ஈரச்சாக்கு தொங்கவிட்டார்கள். பக்கத்து வீட்டுக்காரியின் ரொட்டியில் பூஞ்சை பூத்திருப்பதைக் கதைக்காரி சொல்லப்போக, அவள் முகம் சுளித்தாள். "கெட்டுப்போகலக்கா, படிச்சிட்டிருக்கு."

மாதக் கடைசியில் இயக்குநரும் ஆராய்ச்சியாளரும் வந்து, பூஞ்சை ஏதாவது தெரிவித்ததா என்று விசாரித்தார்கள். கதைக்காரி சன்னலைப் பார்த்தாள். மகளின் உதடு குளிரில் வெளுத்திருந்தது.

"ஒரு குறை இருக்குங்களாம்" என்றாள்.

"என்னம்மா குறை?"

"மேலேருந்து தண்ணி சொட்டுற சத்தத்துல கதை சரியாக் கேக்கலையாம். உம் கொட்ட பிள்ளைங்க இல்லாம ருசிக்கவும் இல்லையாம்."

இயக்குநர் வியர்வையைத் துடைத்துக்கொண்டார். "எழுத்துமூலமாக் குடுக்கச் சொல்லும்மா."

எழுதினாள். கையொப்பத்துக்குக் காகிதத்தைச் சுவரில் அழுத்தி எடுத்தாள். பச்சையாக ரேகை விழுந்தது. பச்சை மையில் கையெழுத்துப் போடுகிறவர் பெரிய அதிகாரி என்பது அலுவலக நடைமுறை. அந்த மனு போன மேசையிலெல்லாம் ஆட்கள் எழுந்து நின்று மேலே அனுப்பினார்கள். மூன்றே நாளில் கூரை பூசியாயிற்று. பிள்ளைகள் உள்ளே வந்தாயிற்று. வெயில் வந்ததும் சுவர் காய்ந்து, பூஞ்சை தவிடாக உதிர்ந்தது. கதைக்காரி பெருக்கி அள்ளிக் கொட்டிவிட்டு வாயைத் திறக்கவில்லை.

ஊர் விடுமா? தெருப்பள்ளம், தண்ணீர்க்குழாய் என்று ஆளாளுக்கு அவளிடம் மனுவோடு வந்தார்கள். மனிதர் நேரில் கொடுத்தால், "பூஞ்சை வழியாக வரவும்" என்று அலுவலகத்தில் திருப்பினார்களாம். அவளும் பாவம் பார்த்து, பக்கத்து வீட்டுப் பூஞ்சை ரொட்டியை வாங்கி ரேகை வைத்துக் கொடுத்தாள். எல்லாம் நிறைவேறின.

ஒருநாள் பிள்ளைகள் கிளம்பியதும் இயக்குநர் தனியாக வந்தார். வெள்ளை வெளேரென்றிருந்த சுவரை மேலும் கீழும் பார்த்தார். வேலை போச்சு என்று கதைக்காரி மகளை இழுத்து அணைத்துக்கொண்டாள். அவர் கதவைச் சாத்திவிட்டு, சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்தார்.

"என் பதவி உயர்வுக் கோப்பு மூணு வருஷமா மேலிடத்துல கிடக்கும்மா. பன்னிரண்டு மனு போட்டுட்டேன்" என்றார். பிறகு சுவர்ப் பக்கம் பணிவாகத் திரும்பி, குரலைத் தாழ்த்தினார்.

"அவங்ககிட்ட நீயே ஒரு வார்த்தை சொல்லி, இதுல ஒரு ரேகை வாங்கிக் குடும்மா."